சூடான பழப்பானம்: அப்பிளா, தோடம்பழமா, அன்னாசியா?

கொழும்பில் ஆறரைக்கு வரச் சொன்னால் ஆட்கள் எட்டு மணிக்குத்தான் வருவார்கள். மழை பெய்து காலி வீதி அப்படியே உறைந்து நின்றால் எட்டரை. இதை முதலே சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் வீட்டுக் கூட்டத்துக்கு எந்தப் பழத்தில் சூடான பானம் வைப்பது என்ற கேள்விக்கு நான் சொல்லப்போகும் பதில் இந்தத் தாமதத்தை வைத்துத்தான். அடுப்பிலிருந்து இறக்கியதும் ருசிக்கிற பானம் வேறு, இரண்டு மணிநேரம் சட்டியில் சூட்டோடு கிடந்த பிறகும் ருசிக்கிற பானம் வேறு. ரெசிப்பி எழுதுகிறவர்கள் முதலாவதைக் குடித்துப் பார்த்துவிட்டு எழுதுகிறார்கள். நமக்கு வேண்டியது இரண்டாவது.

இந்த வெக்கையில் சூடான பானம் எதற்கு என்று கேட்பவர்களுக்கு: மத்தியானம் இரண்டு மணிக்கு வியர்வை வடிய வடிய பிளேன் டீ குடிக்கிற ஊர் இது, அதை யாரும் கேட்பதில்லையே. ஒக்டோபர், நவம்பரில் பின்னேரமானால் இடி மின்னலோடு கொட்டுகிறது. டிசம்பரில் கரோல் பாடிவிட்டு வருபவர்கள், மார்கழியில் திருவெம்பாவைக்கு விடியற்காலையில் கோயிலுக்குப் போய்விட்டு நனைந்த தலையோடு வருபவர்கள், ஏசி போட்ட ஹோலில் விறைத்துப்போய் உட்கார்ந்திருக்கும் பெரியவர்கள், எல்லோருக்கும் கையில் ஒரு சூடான கோப்பை பிடிக்கும். தேத்தண்ணி கொடுக்கலாம்தான். ஆனால் எங்கே போனாலும் அதுதானே கிடைக்கிறது.

இரண்டாவது சோதனை ஒன்று இருக்கிறது, அது நம் ஆட்களுக்கு மட்டும் உரியது. முதல் தடவை இந்த வகைப் பானம் ஒன்றை வெள்ளவத்தைத் தொடர்மாடி வீட்டில் பெரிய சட்டியில் வைத்தபோது, வாசலில் செருப்பைக் கழற்றிக்கொண்டே மாமி கேட்டது: "என்ன பிள்ளை, ஆருக்குக் காய்ச்சல்?" இஞ்சி, கராம்பு, மிளகு எல்லாம் சேர்ந்து கொதிக்கும் மணம் அவருக்குக் குடிநீர் மணம். சின்ன வயதில் மூக்கைப் பொத்திக்கொண்டு குடிக்கவைத்த மல்லித்தண்ணி மணம். ஜேர்மனியில் நத்தார்ச் சந்தையில் அந்த மணம் வந்தால் பண்டிகை என்று நினைப்பார்கள், நமக்கு வருத்தக்காரர் இருக்கிற வீடு நினைவுக்கு வருகிறது. ஆகவே பழத்தின் மணம் முன்னுக்கு நிற்கவேண்டும், சரக்குச் சாமான் பின்னுக்கு நிற்கவேண்டும். இந்த இரண்டு சோதனையிலும் எது தேறும் என்று பார்ப்போம்.

இணையத்தில் தேடினால் முதலில் வருவது அப்பிள். அது இங்கிலாந்து, அமெரிக்கக் கதை. அங்கே அப்பிளைப் பிழிந்து வடிக்காமல் மங்கலாகவே விற்கிறார்கள், அதில் ஒரு துவர்ப்பு இருக்கிறது, பிடிப்பு இருக்கிறது, கறுவாவைத் தாங்குகிற உடம்பு இருக்கிறது. நம் சுப்பர்மார்க்கெட்டில் பக்கற்றில் கிடைப்பது பளிங்கு மாதிரி வடித்த சாறு. சுடவைத்தால் இனிப்பு மட்டும்தான் மிஞ்சுகிறது, சீனித்தண்ணியில் கறுவா போட்ட மாதிரி. ஒரு லீற்றரில் 100 கிராமுக்குக் கிட்ட சீனி இருக்கிறது, அதுவும் நீங்கள் எதுவும் போடாமலே. இருபது பேருக்கு நாலு பக்கற்றாவது வேண்டும், இறக்குமதி விலைக்கு அது கொஞ்சம் கையைக் கடிக்கும்.

ஆனால் அப்பிளை அப்படியே தள்ளிவிட மாட்டேன். வேலை ஏதுமில்லை என்பது சின்ன விஷயமா? வேலையால் ஆறு மணிக்கு வீட்டுக்கு வந்து ஏழு மணிக்கு ஆட்களை எதிர்பார்ப்பவருக்கு பக்கற்றை வெட்டி ஊற்றுவதுதான் வழி. இரண்டாம் மணிநேரத்திலும் அது கெட்டுப்போகாது, முதல் மணிநேரத்தில் எப்படி இருந்ததோ அப்படியே இருக்கும், அதாவது சப்பென்று. இதற்கு நான் கண்டுபிடித்த மருந்து நெல்லி. போத்தலில் விற்கும் நெல்லிக் கிரஷ் இருக்கிறதே, ஒரு லீற்றர் அப்பிள் சாறுக்கு அதில் கால் கோப்பை விட்டு, கடைசியில் அரைத் தேசிக்காய் பிழிந்தால், அந்தத் துவர்ப்பு உள்ளே வந்துவிடும். நெல்லியை மட்டும் தனியாகச் சுடவைத்தால் நாக்கு உலர்ந்துபோகிறது, ஆனால் அப்பிளுக்குப் பக்கத்தில் நிறுத்தினால் நல்ல துணை. கிரஷ்ஷில் ஏற்கெனவே சீனி இருக்கிறது, ஆகவே வேறு இனிப்புக் கட்டாயம் வேண்டாம்.

அடுத்தது தோடம்பழம். இதில்தான் நான் நன்றாகச் சூடுபட்டேன். படங்களில் எப்போதும் வட்ட வட்டமாக வெட்டிய தோடம்பழமும் அதில் குத்திய கராம்பும் மிதக்கும், பார்க்க அவ்வளவு வடிவு. அப்படியே ஒரு நத்தாருக்கு முதல் நாள் இரவு எட்டுப் பழத்தைத் தோலோடு வட்டமாக வெட்டிப் போட்டேன். ஏழு மணிக்குக் குடித்துப் பார்த்தபோது அருமை. ஒன்பது மணிக்கு, எல்லோரும் வந்து சேர்ந்த நேரத்தில், வேப்பம்பூச் சாறு. என் மச்சான் ஒருவர் ஒரு மிடறு குடித்துவிட்டு, ஒன்றும் சொல்லாமல், கோப்பையைச் சாடிச் செடிக்குப் பக்கத்தில் வைத்துவிட்டுப் போனார். செடிக்கு ஊற்றினாரா என்று நான் கேட்கவில்லை.

பிறகுதான் விஷயம் விளங்கியது. தோலுக்கும் சுளைக்கும் நடுவில் இருக்கும் வெள்ளைப் பகுதியில் கசப்பு இருக்கிறது, சூட்டில் அது ஊறி இறங்குகிறது. அது போதாதென்று தோடம்பழச் சாற்றிலேயே, பிழிந்தவுடன் கசக்காத ஒரு பொருள் நேரம் போகப் போக லிமொனின் என்ற கசப்பாக மாறுகிறது, சூடு அதை இன்னும் வேகமாக்குகிறது. விதை நசிந்தால் அதன் பங்கும் சேரும், நம்மூர்ப் பழத்தில் விதைக்குப் பஞ்சமில்லை. பிபிலைத் தோடம்பழம் பச்சைத் தோலோடு இருப்பதைப் பார்த்துக் காய் என்று நினைத்து ஒதுக்குபவர்கள் இருக்கிறார்கள். இங்கே இரவு போதிய அளவு குளிராததால் தோலின் பச்சை போவதில்லை, அவ்வளவுதான், உள்ளே நல்ல இனிப்பு. ஆனால் அவ்வளவு நல்ல பழத்தைச் சட்டியில் போட்டு வேகவைப்பதற்கு மனம் வருகிறதா?

ஆகவே தோடம்பழத்தை அடிப்படையாக வைக்காதீர்கள், வாசனைக்கு வையுங்கள். தோல் சீவியால் வெளித்தோலை மட்டும், வெள்ளை வராமல், நாலைந்து நீளச் சீவலாக எடுத்து கடைசிப் பத்து நிமிடம் போட்டு எடுத்துவிட வேண்டும். படத்தில் வருவது போல வட்டத் துண்டு வேண்டுமென்றால் கோப்பையில் போட்டு மேலே ஊற்றுங்கள். குடித்து முடிக்கும் முன் கசக்க நேரம் கிடைக்காது.

சிலவற்றை வேகமாகக் கடந்துவிடலாம். புளியில் செய்யலாம், மெக்சிக்கோவில் நத்தாருக்குச் செய்யும் பொஞ்சேயில் புளியும் கொய்யாவும் கரும்பும் கறுவாவும் சேர்த்துக் கொதிக்கவைக்கிறார்கள், நமக்கும் அத்தனையும் கிடைக்கும். ஆனால் புளியோடு இஞ்சி சேர்ந்த உடனே நம் மூளை இரசம் என்று முடிவுகட்டிவிடுகிறது, ஒருவர் பப்படம் கேட்டாலும் ஆச்சரியப்படாதீர்கள். விளாம்பழம் குளிராகக் குடிக்க எனக்கு உயிர், சூடாக்கினால் அந்தப் புளித்த வாடை வீடு முழுக்கப் பரவும். மாம்பழம் கட்டியாகி அடிப்பிடிக்கிறது, அதுவும் கறுத்தக்கொழும்பானைச் சுடவைப்பது பாவம். கொடித்தோடையின் மணம் சூட்டில் பறந்துவிடும், சட்டியில் போடக் கூடாது. ஆனால் அதற்கு வேறு ஓர் இடம் இருக்கிறது, கீழே வருகிறேன். கறுப்பு முந்திரிகைச் சாறு, வைனுக்குப் பதிலாக வைக்க நல்லதுதான், நிறமும் துவர்ப்பும் இருக்கிறது, குழந்தைகளுக்கென்று ஜேர்மன்காரர் செய்யும் மதுவில்லாத வகையிலும் அதைச் சேர்ப்பார்கள். நல்ல முந்திரிகைச் சாறு இங்கே விலை அதிகம், மலிவாகக் கிடைப்பது நிறமூட்டிய இனிப்புத் தண்ணி. காசு பிரச்சினை இல்லையென்றால் அப்பிளைவிட முந்திரிகை மேல்.

இனி அன்னாசி. என் ஓட்டு இதற்குத்தான்.

மற்றப் பழங்கள் சூட்டில் எதையாவது இழக்கின்றன, அன்னாசி சூட்டில் ஒரு படி ஏறுகிறது. பச்சையாகச் சாப்பிட்டால் நாக்கு அரிக்கிறதே, அது ப்ரொமெலைன் என்ற நொதி, இறைச்சியையே மெதுவாக்கும் சாமான். கொதி வந்தால் அது செயலிழந்துபோகும். அன்னாசி ஒத்துவராது என்று வருடக்கணக்காகத் தொடாமல் இருந்த என் அம்மா இதை இரண்டு கோப்பை குடித்தார். அவருக்கு இருந்தது நாக்கரிப்பு மட்டும்தான், உண்மையான ஒவ்வாமை உள்ளவர்களுக்கு இது பொருந்தாது, அவர்களுக்குக் கொடுக்காதீர்கள். புளிப்பும் அன்னாசியிலேயே இருக்கிறது, நிறமும் பொன் மாதிரி. எல்லாவற்றையும்விட, குப்பைக்குப் போகிற தோலில்தான் மணம் முழுக்க இருக்கிறது. தோலைக் கொதிக்கவைக்கும் போது வீட்டுக்குள் வருகிறவர் யாரும் காய்ச்சலா என்று கேட்க மாட்டார், கேக் போடுகிறீர்களா என்றுதான் கேட்பார். மாமி கேட்டார்.

பேலியகொடைக்குப் போன மனிங் சந்தையில் வாங்கினால் மலிவு, ஆனால் மூன்று பழத்துக்காக அவ்வளவு தூரம் போக வேண்டாம், றோட்டோரம் லொறியில் வைத்து விற்பவரிடமே வாங்கலாம். மொரிஷியஸ் இனம் என்று கேளுங்கள், சின்னதாக, மணம் தூக்கலாக இருக்கும், கம்பஹா, குருநாகல் பக்கம் தென்னைக்குக் கீழே போடுவது. பெரிதாகக் கொழுத்து நிற்கும் கியூ இனத்தில் சாறு நிறைய, மணம் குறைவு. அடிப்பக்கத்தை மணந்து பாருங்கள், மணக்காவிட்டால் வாங்காதீர்கள், புளித்த மணம் வந்தாலும் வாங்காதீர்கள்.

இருபது இருபத்தைந்து பேருக்கு நடுத்தர அளவில் மூன்று பழம். தோலைச் சீவுவதற்கு முதல் முழுப் பழத்தையும் பிரஷ்ஷால் நன்றாகத் தேய்த்துக் கழுவ வேண்டும், இதில் சோம்பல் கூடாது, மண்ணும் மருந்தும் அந்தக் கண்களுக்குள்தான் இருக்கும். தோலையும் நடுத்தண்டையும் மூன்றரை லீற்றர் தண்ணீரில் போட்டு, நுரை வந்தால் எடுத்துவிட்டு, சின்ன நெருப்பில் அரை மணிநேரம். வடித்தால் மூன்று லீற்றருக்குக் கிட்ட வரும். இரண்டு பழத்தின் சதையை மிக்ஸியில் அடித்து வடித்து அதோடு சேர்த்து ஒரு கொதி, பிறகு நெருப்பைக் குறைத்துச் சூடாக மட்டும் வைத்திருங்கள். நாலு லீற்றர் இருக்கும், 150 மில்லிலீற்றர் கோப்பைக்கு இருபத்தாறு. மூன்றாவது பழத்தின் சதையைத் துண்டு போட்டு உப்பும் மிளகாய்த்தூளும் தூவித் தட்டில் வையுங்கள், பானத்துக்கு அதைவிட நல்ல கடி இல்லை.

எவர்சில்வர் சட்டி பாவியுங்கள். அலுமினியச் சட்டியில் இவ்வளவு புளிப்பை இரண்டு மணிநேரம் வைத்தால் உலோக ருசி ஏறும். இன்னொன்று, நேரம் மிச்சம் பிடிக்கிறேன் என்று தோலை முதல் நாளே தண்ணீரில் ஊறவைக்காதீர்கள். கொழும்பு வெக்கைக்கு அது சீக்கிரமே நொதிக்கத் தொடங்கிவிடும். மெக்சிக்கோவில் அப்படி வேண்டுமென்றே புளிக்கவைத்துத் தெப்பாச்சே என்று குடிக்கிறார்கள், நல்லதாம், ஆனால் திருவெம்பாவைக்குப் போய்விட்டு வந்த மாமாவுக்குக் கொடுக்கிற சாமான் இல்லை.

இரண்டாம் மணிநேரச் சோதனைக்கு வருவோம். அன்னாசி கசக்காது, சப்பென்றும் போகாது, கொஞ்சம் வற்றி இன்னும் கொஞ்சம் தடிக்கும், அவ்வளவுதான், ஒரு தம்ளர் சுடுதண்ணி விட்டால் சரி. பிரச்சினை வருவதென்றால் சரக்கால்தான் வரும்.

சரக்கில் நான் சொல்வது ஒன்றுதான்: கறுவாவும் ஏலமும் முன்னுக்கு, மற்றதெல்லாம் பேருக்கு. நாலு லீற்றருக்கு விரல் நீளக் கறுவா ஐந்து, தட்டிய ஏலக்காய் பத்து, கராம்பு எட்டுக்கு மேல் வேண்டாம், தட்டிய இஞ்சி 30 கிராம். ஒரு தடவை நான் கராம்பை எண்ணாமல் ஒரு பிடி போட்டேன், குடித்தவர்களுக்கு நாக்கு விறைத்துவிட்டது, பல்வலிக்குக் கராம்பு எண்ணெய் வைக்கிற காரணம் அன்றைக்குக் கூட்டத்துக்கே விளங்கியது. மிளகு வேண்டவே வேண்டாம், வேர்க்கொம்பும் வேண்டாம், காய்ந்த இஞ்சியின் காரம் வேறு, அது நேரே குடிநீர்ப் பக்கம் இழுத்துக்கொண்டு போகும். அன்னாசிப்பூ ஒன்று போடலாம், பெயர்ப் பொருத்தத்துக்காகவாவது. அன்னாசிக்கும் அதற்கும் ஒரு சொந்தமும் இல்லை, ஆனாலும் நன்றாகத்தான் சேருகிறது.

கறுவா பற்றி வெளிநாட்டுக்காரர் நீளமாக எழுதுவார்கள், எது அசல், எது கசியா என்ற வேறு மரத்துப் பட்டை என்று. 2022இல் ஐரோப்பிய ஒன்றியம் நம் கறுவாவுக்குப் புவியியல் குறியீடு கொடுத்தது, அதன் பிறகு இன்னும் கூடுதலாக எழுதுகிறார்கள். நமக்குக் கடையில் கேட்டால் கிடைப்பதே அசல்தான், அந்தக் கவலை இல்லை. அல்பா என்ற மெல்லிய சுருள் இதற்குத் தேவையில்லை, அந்த விலை பார்வைக்கு, சட்டியில் கொதிக்கப்போவதற்குக் கொஞ்சம் தடித்த மலிவான தரமே போதும். தூள் மட்டும் போடாதீர்கள். கறுவாத்தூள் சூட்டுத்தண்ணியில் கரையாது, வழுவழுவென்று கட்டியாகி அடியில் படியும், கடைசிக் கோப்பை வாங்குபவருக்குச் சேறுதான் வரும். எல்லாச் சரக்கையும் ஒரு துண்டு பழைய வேட்டித் துணியில் முடிந்து போட்டு, முக்கால் மணிநேரத்தில் எடுத்து வெளியே வைத்துவிட வேண்டும். இந்த ஒரு பழக்கம் இருந்தால் இரண்டாம் மணிநேரத்தில் பாதிப் பிரச்சினை இல்லை.

இனிப்புக்குக் கித்துள் கருப்பட்டி, நாலு லீற்றருக்கு 200 கிராமிலிருந்து தொடங்கி ருசி பார்த்துப் போடுங்கள். யாழ்ப்பாணத்திலிருந்து பனங்கட்டி வந்திருந்தால் அதுவும் நன்று, அன்னாசிக்கு அந்த லேசான உப்பு ருசி பொருந்தும். ஆனால் கருப்பட்டி என்றால் சீனி வருத்தக்காரருக்குப் பரவாயில்லை என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள், உடம்புக்கு அதுவும் சீனிதான், பழச்சாறும் சீனிதான். என் வீட்டில் இனிப்புப் போடுவதற்கு முதல், சதைச் சாறு சேர்ப்பதற்கும் முதல், தோல் அவித்த தண்ணியில் ஒரு பிளாஸ்க் எடுத்து வைத்துவிடுவேன். பெரியவர்கள் அதைத்தான் குடிக்கிறார்கள். சிலர் அதையே கூடுதலாக விரும்புகிறார்கள், சரக்கோடு அவித்திருந்தால் மணம் அதிலேயே இருக்கிறது.

மது சேர்ப்பதா என்பதற்கு என் பதில் எப்போதும் சட்டிக்குள் வேண்டாம். பிள்ளைகள் இருப்பார்கள், முஸ்லிம் நண்பர்கள் இருப்பார்கள், போயா தினமாகவும் இருக்கலாம். கொதிக்கிற சட்டியில் ஊற்றினால் மது ஆவியாகவும் போகிறது, அது கொதிப்பது 78 பாகையில்தான். வேண்டியவர் மேசையில் இருக்கும் தென்னஞ்சாராயப் போத்தலைத் தன் கோப்பைக்குள் சாய்த்துக்கொள்ளட்டும், அன்னாசிக்கும் அதற்கும் நல்ல பொருத்தம் என்று என் மச்சான் சொல்கிறார், அவரை இந்த விஷயத்தில் நம்பலாம்.

சூட்டோடு வைத்திருக்க ரைஸ் குக்கரைப் பாவிக்கிறேன். வார்மில் போட்டால் கொதிக்காமல், ஆறாமல் இருக்கிறது, ஆட்கள் தாங்களே அகப்பையால் எடுத்துக்கொள்ளலாம், குசினிக்கும் ஹோலுக்கும் ஓடத் தேவையில்லை. நாலு லீற்றரும் ஒரேயடியாகக் கொள்ளாது, மிச்சத்தைச் சட்டியில் வைத்து இடையில் சுடவைத்து நிரப்ப வேண்டும். வாடகைக்கு எடுக்கும் தேத்தண்ணி ட்ரம்மில் ஊற்றாதீர்கள், எத்தனையோ கலியாணத் தேத்தண்ணியின் வாடை அதில் நிரந்தரமாகக் குடியிருக்கிறது, பழத்தின் தும்பு குழாயையும் அடைத்துவிடும். எவர்சில்வர் தம்ளர் கையைச் சுடும், கடதாசிக் கோப்பை இரண்டாவது தடவைக்கு நெகிழும், கைப்பிடி உள்ள தேத்தண்ணிக் கோப்பைதான் சரி. பக்கத்து வீட்டில் கேட்டு வாங்குங்கள், எப்படியும் அவர்களும் வரத்தானே போகிறார்கள்.

கொடித்தோடை என்றேனே, அது இங்கே. பரிமாறும் நேரம் நாலு பழத்தை வெட்டி, சாற்றை விதையோடு ஒரு சின்னக் கிண்ணத்தில் வைத்து, ஒவ்வொரு கோப்பைக்கும் ஒரு தேக்கரண்டி போட்டு மேலே சூடான அன்னாசியை ஊற்றுங்கள். ஒன்றரை மணிநேரம் பிந்தி வந்தவருக்கும் அப்போதுதான் செய்த பானம் மாதிரி இருக்கும், அவர் பிந்தியது அவருக்கே மறந்துபோகும்.

வேலை நாளில், பத்துப் பேருக்குள், ஒரு மணிநேரத்தில் என்றால் அப்பிளும் நெல்லியும் போதும், அதற்காக யாரும் வெட்கப்படத் தேவையில்லை. மேசையில் படம் எடுக்கப் போகிறார்கள், சிவப்பு நிறம் வேண்டும், செலவுக்கு யோசனை இல்லை என்றால் முந்திரிகை. மற்ற எல்லா நாளுக்கும் மூன்று அன்னாசி.

மிஞ்சினால் போத்தலில் ஊற்றி பிரிட்ஜில் வையுங்கள், அடுத்த நாள் மத்தியானம் சோடாவும் தேசிக்காயும் விட்டு ஐஸோடு குடிக்கலாம். சரக்கு முடிச்சை எறியாதீர்கள், காலைப் பிளேன் டீக்கு இன்னொரு தடவை தாங்கும்.